தண்ணீர் வடியாத வயல்

மாசி மாதத்து ஞாயிற்றுக்கிழமை ஒன்றில், மாடு மேய்வதைப் பார்க்கக் காசு கட்டிப் போனவர்களில் நானும் ஒருத்தி. காசு கட்டியது என் மகள். தஞ்சாவூரில் ஓர் அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள். வாரத்தில் ஆறு நாள் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து முதுகு பிடித்துக்கொள்கிறது, ஏழாம் நாளாவது எங்கேயாவது நடக்க வேண்டும் என்பாள். "மலைநடை: மேய்ச்சல் மாடுகளுடன் ஒரு காலை" என்று வாட்ஸாப்பில் வந்த அறிவிப்பை எனக்கு அனுப்பிவிட்டு, உடனே போனும் செய்தாள்.

"ரெண்டு பேருக்கும் பேர் குடுத்துட்டேன்மா. சனிக்கிழமையே வந்துடு."

"கொல்லையில நிக்கிற மாட்ட வுட்டுட்டு, மலையில போயா பாக்கணும்?"

"கொல்லையில மலை இல்லையேம்மா."

மலை என்பதே எங்கள் பக்கத்தில் கொஞ்சம் வேடிக்கையான பேச்சு. எங்கள் ஊர் நீடாமங்கலத்துக்குப் பக்கத்தில். அங்கே மேடு என்றால் வாய்க்கால் கரை, பள்ளம் என்றால் வாய்க்கால். எனக்குப் பழக்கமான ஒரே மலை சுவாமிமலை. அதுவும் கட்டின மலை; அறுபது படி ஏறினால் தீர்ந்துபோகும். தஞ்சாவூர்க்காரர்கள் ஒருவரையொருவர் மலைக்குக் கூட்டிப்போவது, மதுரைக்காரர்கள் கடலுக்குக் கூட்டிப்போகிற மாதிரிதான். ஆனாலும் மகளோடு ஒரு நாள் கிடைக்கிறதே என்று சரி சொன்னேன்.

அறிவிப்பில் மேய்ச்சல் மாடுகள் என்று படித்தபோது மட்டும் உள்ளே ஏதோ உறுத்தியது. அதற்குக் காரணம் உண்டு.

சம்பா அறுவடை முடிந்த வயலில் மந்தையைக் கொண்டுவந்து தங்கவைப்பதைக் கிடை போடுவது என்போம். பகலில் மாடுகள் அறுத்த தாளை மேயும். இரவு வயலிலேயே அடைந்து சாணமும் கோமியமும் விடும். மறுநாள் பக்கத்துத் துண்டுக்கு நகரும். கிடை போட்ட வயலுக்கு அடுத்த நடவில் அடியுரம் தேடி அலைய வேண்டாம். கந்தர்வகோட்டைப் பக்கத்துக் கிடைக்காரர் ஒருவர் ஐந்து வருடமாக எங்கள் வயலுக்கு வந்துகொண்டிருந்தார். மார்கழியில் ஒரு நாள் பஸ் ஏறி வருவார். என் கணவர் சிங்கப்பூரில் இருக்கிறார், நிலம் என் பொறுப்பு. அதனால் பேச்சும் என்னோடுதான். தட்டில் வெற்றிலை பாக்கு வைத்து நீட்டுவேன். எடுத்துக்கொள்வார். எழுத்து கிடையாது, அச்சாரம் கிடையாது. அந்த வருடத்து முதல் கிடை எங்கள் வயலில்தான் என்று அதற்குப் பொருள்.

இந்த வருடமும் மார்கழியில் வந்தார், வெற்றிலையை எடுத்துக்கொண்டு போனார். தைக் கடைசியில் ஒரு மழை பெய்தது. அறுப்புக்கு ஒரு வாரம் இருக்கும்போது நெல்லுக்கு அடியில் மண் புட்டு மாதிரி பதமாக இருந்தது. அந்த ஈரத்தில் நிற்கிற கதிருக்குள்ளேயே உளுந்தைத் தெளித்துவிட்டால், நெல்லை அறுத்த பிறகு அது தானாக எழும்பிவரும். அக்கம்பக்கத்தில் எல்லோரும் தெளித்தார்கள். நானும் தெளித்தேன். தெளித்து முடித்த பிறகுதான் கிடைக்காரர் ஞாபகம் வந்தது என்று எழுதினால் எனக்கு நல்லது. ஆனால் விதைக் கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு வயலில் இறங்கும்போதே ஞாபகம் இருந்தது.

உளுந்து நிற்கிற வயலில் மாட்டை விட முடியாது. அதை அவரிடம் அன்றைக்கே சொல்லியிருக்க வேண்டும். அறுப்பு முடிந்த வாரம் அவர் போன் செய்தபோது, "வயல்ல இன்னும் தண்ணி நிக்குது, வடியல" என்றேன். அப்படி ஒரு வாக்கியம் என் வாயிலிருந்து எவ்வளவு சுலபமாக வந்தது என்று எனக்கே ஆச்சரியம். "அவசரமில்லைங்க, வடிஞ்சதும் ஒரு போன் போடுங்க" என்றார். அதற்குப் பிறகு அவர் கேட்கவே இல்லை. மறுபடி கேட்டால் சொல்லிவிடலாம் என்றிருந்தேன். ஒருவர் பொறுமையாக இருப்பது பொய் சொன்னவருக்கு எவ்வளவு வசதி என்பதை அந்த மூன்று வாரத்தில் தெரிந்துகொண்டேன்.

விடிந்தும் விடியாமலும் வேன் கிளம்பியது. இருபது பேர் இருந்தோம். வல்லம் தாண்டியதும் மண் சிவந்தது. பச்சை வயல் முடிந்து தைலமரத் தோப்பு தொடங்கியது. வேன் நின்ற இடத்திலிருந்து ஒரு செம்மண் மேடு எழும்பி, உச்சியில் கரும்பாறையாக முடிந்தது. நிஜமான மலைக்காரர்கள் பார்த்தால் சிரிப்பார்கள். எங்களுக்கு அது போதும்.

வழிகாட்டி முப்பது வயதுக்காரர். தொப்பி வைத்திருந்தார், காதோரம் ஒரு சின்ன மைக் மாட்டியிருந்தார். "எல்லாரும் பரவலா நடங்க, எதுக்கு லைன்ல வர்றீங்க?" என்று இரண்டு முறை சொன்னார். அப்போதுதான் பார்த்தேன். அந்தப் பாதையில் ஒரு கோயில் தேரே போகலாம், அவ்வளவு அகலம். நாங்கள் ஏழெட்டுப் பேர், எல்லாம் வயல்காட்டு ஊர்க்காரர்கள், ஒருவர் பின்னால் ஒருவராக, முன்காலடிக்கு நேராகப் பின்காலடி வைத்து நடந்துகொண்டிருந்தோம். வரப்பில் நடந்த கால் எங்கே போனாலும் வரப்பைத் தேடும் போலிருக்கிறது. தள்ளி நடந்து பார்த்தேன். பத்தடிக்குள் மறுபடி மகளின் முதுகுக்குப் பின்னால் வந்து சேர்ந்திருந்தேன்.

பாதி ஏறியதும் மூச்சு வாங்கியது. சரிவில் புல் என்று சொல்ல எதுவும் இல்லை. காய்ந்த குச்சிகளும், வேலிக்கருவை நெற்றுகளும் கிடந்தன. அதன் நடுவே மாடுகள் சிதறி நின்றன. எல்லோரும் போனை எடுத்தார்கள்.

வழிகாட்டி மைக்கைச் சரிசெய்துகொண்டார். "இதெல்லாம் நாட்டு மாடு. மேய்ச்சல்லயே வளர்றது. வயலுக்குப் போய் கிடை போட்டு, இயற்கையான முறையில உரச் சேவை பண்ணுது" என்றார். சேவை என்ற சொல்லை ரசித்தேன். பிறகு அவர் சொன்னதை ரசிக்க முடியவில்லை.

"நாயமா பாத்தா இந்த மந்தை இந்நேரம் டெல்டாவுக்கு இறங்கியிருக்கணுங்க. நமக்காக நிக்கல. அங்க ஒருத்தங்க வயல்ல தண்ணி வடியலயாம். அது வடியட்டும்னு மூணு வாரமா இங்கேயே நிக்குது. இங்க மேய ஒண்ணும் இல்ல, பாருங்க. பால் மாடெல்லாம் வத்திப்போச்சு. கன்னுக்குட்டிக்கு ரேஷன் அரிசியில கஞ்சி காச்சி ஊத்துறாங்க."

நான் மாடுகளைச் சரியாகப் பார்த்தேன். முன்னங்கால் இரண்டும் வெள்ளையான ஒரு பசு பாறையடியில் நின்றது. போன வருடம் எங்கள் கொடியில் காய்ந்த புடவையை முந்தானைவரை தின்றது அதுதான். அப்போது அதன் முதுகு எண்ணெய் தடவினதுபோல இருந்தது. இப்போது விலா எலும்பை நின்ற இடத்திலிருந்தே எண்ணலாம்.

மகளுக்குப் பின்னால் இன்னும் நெருங்கி நின்றேன். முந்தானையைத் தலைக்கு இழுத்துவிட்டுக்கொண்டேன். வெயிலுக்கு என்று மகள் நினைத்திருப்பாள். வெயில் இன்னும் ஏறவே இல்லை.

வழிகாட்டி கிடைக்காரரைக் கைதட்டி அழைத்தார். அவர் தோளில் தழை ஒடிக்கிற தொரட்டியோடு இறங்கி வந்தார். அவர் இளைத்திருக்கவில்லை, அல்லது எப்போதும் அப்படித்தான் இருப்பார். கூட்டத்தில் ஒருவர் மொத்தம் எத்தனை மாடு என்று கேட்டார். எங்கள் பக்கம் யாரும் கிடைக்காரரிடம் அதைக் கேட்க மாட்டோம். வாய்விட்டு எண்ணினால் மந்தைக்குக் கண்ணுபடும். "இருக்குங்க, சாமி புண்ணியத்துல" என்று சிரித்தார்.

இன்னொரு அம்மாள் விடவில்லை. "தண்ணி வடியலன்னா வேற வயலுக்குப் போக வேண்டியதுதானே? எதுக்கு மாட்டப் பட்டினி போடணும்?"

"ரெண்டு எடத்துல கூப்பிட்டாங்கதான். வெத்தல வாங்கிட்டேங்களே. வேற எடத்துல ஒத்துக்கிட்டு, அந்த அம்மா கூப்பிடற அன்னிக்கு நான் போகலைன்னா நல்லாவா இருக்கும்?"

"அவங்க கூப்பிடவே இல்லைன்னா?"

கிடைக்காரருக்கு லேசாகக் கோபம் வந்தது. "அப்டிச் சொல்லாதீங்க. மழ பெஞ்சா தண்ணி நிக்கத்தான் செய்யும், அவங்க என்ன பண்ணுவாங்க? வாக்கு மாறாத வீடுங்க அது."

அங்கே நின்ற அந்த நேரத்தைவிட நான் அதிகம் வெட்கப்பட்ட நேரம் என் வாழ்க்கையில் வேறு இல்லை. என் உளுந்து அப்போது பூவெடுத்திருந்தது.

பேசி முடித்துத் திரும்பியவர் முந்தானைக்குள் இருந்த முகத்தைப் பார்த்துவிட்டார். ஒரு நொடி நம்பாமல் பார்த்தார். பிறகு தொரட்டியைக் கீழே போட்டுவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார்.

"அம்மா! நீங்களே வந்துட்டீங்களா? ஒரு போன் போட்டிருந்தா பத்தாதா? இவ்ளோ தூரம் ஏறி வரணுமா?"

நான் வாயைத் திறப்பதற்குள் கூட்டத்தைப் பார்த்து, "இவங்கதாங்க அந்த அம்மா! தண்ணி வடிஞ்சிடுச்சுன்னு நேர்ல சொல்ல வந்திருக்காங்க!" என்றார்.

கைதட்டினார்கள். உண்மையாகவே தட்டினார்கள். எதிர்த்துக் கேட்ட அம்மாள் வந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். வழிகாட்டி எங்கள் இருவரையும் மாடு பின்னால் தெரிகிற மாதிரி நிற்கவைத்துப் படம் எடுத்தார். கிடைக்காரர் மட்டும் கைதட்டலைக் கவனிக்கவில்லை. என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வடிஞ்சிடுச்சுங்களாம்மா?"

அந்த இடத்தில் "இல்லை" என்று சொல்லக்கூடிய ஒரு மனுஷி இருந்திருப்பாள். அது நானில்லை. இருபது பேர் என்னை நல்லவள் என்று நினைத்துக்கொண்டிருக்க, அதைக் கெடுத்துக்கொள்ள எனக்கு மனம் வரவில்லை. பரிதாபம் அல்ல, நியாயம் அல்ல, வெறும் கௌரவம்தான்.

"வடிஞ்சிடுச்சு. வாங்க" என்றேன்.

"இன்னிக்கே கெளம்பிடறேங்க" என்று சொல்லிவிட்டு, மேலே நின்ற தன் தம்பியைக் கூப்பிட்டுக்கொண்டே ஏறினார். அந்தச் சரிவில் அப்படி ஓட எனக்கு இருபது வயதிலும் வராது.

வேனில் மகள் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். வல்லம் வந்ததும் மெதுவாக, "அம்மா, நம்ம வயல்ல உளுந்து நிக்குதுதானே?" என்றாள்.

"நிக்குது."

"அப்ப எதுக்கு வரச் சொன்ன?"

"தெரியல."

"போன் பண்ணிச் சொல்லிடு. நடக்க ஆரம்பிக்கறதுக்குள்ள சொல்லிடு."

சாயங்காலம் ஊருக்கு வந்ததும் போன் செய்தேன். முதல் மணியிலேயே எடுத்தார். பின்னால் கழுத்து மணிச் சத்தமும் லாரி ஹாரனும் கேட்டன. "கெளம்பிட்டோங்கம்மா! வல்லம் பக்கம் வந்தாச்சு. மாடெல்லாம் என்னமோ தெரிஞ்ச மாதிரி முன்னாடி முன்னாடி ஓடுதுங்க" என்றார். அவர் குரலில் இருந்த சந்தோஷத்துக்கு நடுவில் உளுந்து என்ற சொல்லை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. "ரோட்டுல வண்டி வரும், பாத்துக் கூட்டிட்டு வாங்க" என்று சொல்லி வைத்துவிட்டேன். மகளிடம் லைன் கிடைக்கவில்லை என்றேன். இது இரண்டாவது பொய்யா மூன்றாவதா என்று கணக்கு விட்டுப்போயிருந்தது.

அங்கிருந்து எங்கள் ஊருக்கு மந்தை வர மூன்று நாள் ஆகும். முதல் இரண்டு நாள் வேறு வயல் தேடினேன். எங்கள் தெருவில் எல்லோருடையதிலும் உளுந்து. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் பருத்தி போட்டிருந்தார்கள். சும்மா கிடந்த இரண்டு வயலில் வைக்கோலை மிஷின் வைத்துச் சுருட்டி ஏற்றிவிட்டார்கள்; கட்டாந்தரைதான் மிச்சம். எனக்கு நாத்தனார் முறை ஆகவேண்டிய ஒருத்தி, "வெத்தலயும் குடுத்துட்டு, வெதயும் தெளிச்சிருக்கியே, ஒனக்கு ஏதாச்சும் புடிச்சிருக்கா?" என்று கேட்டாள். அடுத்த வயலைக் கேட்கப் போனேன்.

இரண்டாம் நாள் சாயங்காலம் வரப்பில் நின்று என் வயலைப் பார்த்தேன். மஞ்சள் பூ. அங்கங்கே பிஞ்சும் பிடித்திருந்தது. எனக்கு வேறு வழி தெரியவில்லை. மாட்டை இறக்கிவிடுவது என்று முடிவு செய்தேன். போனால் ஒரு போக உளுந்துதானே. முடிவு செய்ததும் மனம் இலேசாகிவிட்டது. ஒழுங்காகச் சாப்பிட்டேன். கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது. கணவருக்குப் போன் செய்து சொன்னபோது, "நீயா இப்டி?" என்றார். அதைப் பாராட்டாக எடுத்துக்கொண்டேன்.

மூன்றாம் நாள் காலை பத்து மணி இருக்கும். சாலைத் திருப்பத்தில் தூசி தெரிந்தது. மந்தை வந்து எங்கள் வயலோரம் சாலையிலேயே நின்றது. வெள்ளைக்கால் பசு முன்வரிசையில் இருந்தது. கிடைக்காரர் வரப்பில் ஏறிவந்தார். ஏறும்போது முகத்தில் சிரிப்பு இருந்தது. வயலைப் பார்த்தார். ஒரு செடியைக் குனிந்து விரலால் தொட்டுப் பார்த்தார். பூவெடுத்த உளுந்துக்கு வயது எத்தனை நாள் என்று அவருக்குத் தெரியும், எனக்கும் தெரியும். நான் எப்போது தெளித்தேன், எப்போது தண்ணீர் நின்றது என்று சொன்னேன், எல்லாம் அந்த ஒரு செடியில் இருந்தது.

அவர் நிமிர்வதற்குள் நான் அவசரமாகச் சொன்னேன்.

"பரவாயில்ல, மாட்ட எறக்குங்க. மேயட்டும். நான் முடிவு பண்ணித்தான் சொல்றேன்."

"வேணாங்கம்மா."

"என் வயல்தானே, நான்தானே சொல்றேன்? மூணு நாளு நடந்து வந்திருக்குதுங்க. எறக்குங்க."

அவர் சாலையைத் திரும்பிப் பார்த்தார். டீக்கடையிலிருந்து நாலைந்து பேர் எழுந்து நின்று இதைக் கவனித்துக்கொண்டிருந்தார்கள்.

"பூத்த பயிருல மாட்ட விட்டான்னு ஒரு பேச்சு வந்துட்டா, அப்புறம் எந்த ஊர்லயும் என் மந்தைய வரப்புல நிக்கக்கூட விடமாட்டாங்க. நீங்க சொன்னீங்கன்னு ஊர் ஊரா போயி நான் சொல்லிக்கிட்டா இருக்க முடியும்? வயலு உங்களுது. பேரு என்னுதுங்கம்மா."

கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். பால்காரரிடம் நாளைக்கு வேண்டாம் என்று சொல்வதைப் போலச் சொன்னார். நான் விட்டுக்கொடுக்க நினைத்ததும் அவருக்குக் கேடுதான் என்பது எனக்குத் தோன்றவே இல்லை. முந்தின நாள் சாயங்காலத்திலிருந்து பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

அவரும் தம்பியும் இன்னொருவரும் வயலோரம் நீளத்துக்கு இடைவெளி விட்டு நின்றார்கள். மந்தையை அப்படியே சாலையோடு நகர்த்தினார்கள். மூன்று நாள் நடந்த மாடுகள் பச்சையைப் பார்த்துக் கழுத்தை நீட்டின. ஒவ்வொரு முகத்தையும் கையால் தள்ளினார்கள். கம்பால் அடிக்கவில்லை. வெள்ளைக்கால் பசு ஒரு முறை வரப்பில் கால் வைத்துவிட்டது. தம்பி அதன் கழுத்தைக் கட்டிப்பிடித்து இழுத்தார். என் உளுந்தில் ஓர் இலைகூடக் குறையவில்லை.

கடைசி மாடும் தாண்டிய பிறகு கிடைக்காரர் என்னிடம் திரும்பி வந்தார். ஏதாவது சொல்வார், திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். திட்டட்டும் என்றுகூட இருந்தது. அவர் மேல்துண்டைத் தோளிலிருந்து எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

"உங்க ஊர்க் கொளத்துல மாட்டுக்குத் தண்ணி காட்டிக்கலாங்களாம்மா?"

ஐந்து வருடமாக அந்தக் குளத்தில் அவர் மாடுகள் குடித்திருக்கின்றன. ஒரு நாளும் அவர் என்னைக் கேட்டதில்லை. கேட்க வேண்டியதாக இருந்ததில்லை. அது என் குளமும் இல்லை.

"காட்டிக்குங்க" என்றேன்.

அவருக்குக் கேட்கவில்லை போலிருக்கிறது. அவர் நகராமல் நின்றார். இன்னொரு முறை சத்தமாகச் சொன்ன பிறகுதான் மந்தையைக் குளத்துப் பக்கம் திருப்பினார்.